கடலடிக் கதவு: கதைக்கு ஒரு யோசனை சொல்லுங்களேன்

வணக்கம் மக்களே. ஒரு அமானுஷ்யக் கதையைப் பாதி எழுதிவிட்டு முழித்துக்கொண்டிருக்கிறேன். கடலுக்கடியில் 4,000 மீட்டர் ஆழத்தில் ஒரு கதவு. கதவு மட்டும்தான், சுவர் கிடையாது. ரோபோ கேமராவின் வெளிச்சம் பட்டதும் கைப்பிடியில் காய்ந்த தூசி தெரிகிறது. தண்ணீருக்குள் தூசி! இதுவரை எனக்கே பிடித்திருக்கிறது.

சிக்கல் அதற்கப்புறம்தான். பத்து மீட்டருக்கு ஒரு வளிமண்டல அழுத்தம் கூடும். அங்கே சுமார் 400 மடங்கு. ஆள் நீந்திப் போய்த் திறக்க வழியில்லை. அதனால் உள்ளேயிருந்து தட்டும் சத்தத்தை நீரடி மைக் பிடிப்பதாக வைத்தேன். 1997-ல் பசிபிக்கில் பதிவான 'ப்ளூப்' ஒலிதான் தூண்டுதல். ஆயிரக்கணக்கான கிலோமீட்டர் தள்ளியும் கேட்டது. கடைசியில் பனிக்கட்டி உடைந்த சத்தம் என்று சொல்லிவிட்டார்கள். (எனக்குக் கொஞ்சம் ஏமாற்றம்தான்.)

தினமும் மூன்று தட்டு, நாளுக்கு நாள் இடைவெளி குறைகிறது. கேட்டுக்கொண்டிருக்கும் ஆய்வாளர் எப்போது பயப்பட ஆரம்பிக்கலாம்? முதல் நாளே என்றால் செயற்கையாகப் படுகிறது. மூழ்கிய நகரம், சாபம் எல்லாம் வேண்டாம். ஆழத்தில் ஒலி எப்படி வளைந்து போகும் என்று கடலியல் தெரிந்தவர்கள் விளக்கினாலும் புண்ணியமாகப் போகும்.