செல்ஃப் சத்தமே இல்ல, தட்டினா மட்டும் எடுக்குது: கார்பனா, மோட்டாரே போச்சா?

சாத்தூர்800

வணக்கம். வண்டி 2003 மாருதி 800, அப்பா வாங்கினது. 1,12,000 கி.மீ. ஓடியிருக்கு. மூணு மாசமா ஒரே தொல்லை. காலையில சாவி போட்டா ஒரே திருப்புல எடுத்துடும். விருதுநகர் வரைக்கும் ஓட்டிட்டுப் போய் பெட்ரோல் பங்க்ல அணைச்சா முடிஞ்சுது. டேஷ்போர்டு லைட் எல்லாம் பளிச்சுன்னு எரியும், செல்ஃப் மட்டும் மூச்சு விடாது. 'டக்'குனு ஒரு சத்தம்கூட வராது. பங்க் பசங்க தள்ள, செகண்ட் கியர்ல போட்டு எடுப்பேன். அரை மணி நேரம் ஆறவிட்டா தானா எடுக்கும்.

இதுவரைக்கும் பேட்டரி புதுசு மாத்தியாச்சு. ஊர்ல ஒரு எலக்ட்ரீஷியன் சாவி சுவிட்ச்தான்னு சொல்லி அதையும் மாத்தினார். பத்து நாள் நல்லா இருந்துச்சு, திரும்ப அதே கதை. இப்ப சொலினாய்டுங்கிறார், அதான் செல்ஃப் மோட்டார் மேல இருக்கிற காந்த சுவிட்ச். போன ஞாயித்துக்கிழமை சிவகாசியில கல்யாண மண்டபத்து வாசல்ல மாட்டிக்கிட்டேன். லாரி டிரைவர் ஒருத்தர் கீழ குனிஞ்சு ஜாக்கி ராடால செல்ஃப் மோட்டார் முதுகுல ரெண்டு தட்டு தட்டினார். சாவி போட்டேன், எடுத்துடுச்சு. "கார்பன் தேஞ்சிருக்கு சார், மோட்டாருக்குள்ள சுத்துற பாகத்தைத் தொட்டுக் கரண்ட் குடுக்கிற கட்டை"னு சொல்லிட்டு பந்திக்குப் போயிட்டார்.

சொலினாய்டு மாத்தணுமா, கார்பனா, இல்ல மோட்டாரையே மாத்தணுமா? எலக்ட்ரிக்கல் சாமான் கடைதான் வச்சிருக்கேன், மிக்ஸி கார்பன் டப்பா டப்பாவா கிடக்கு. அரத்தால ராவி அளவுக்குக் கொண்டு வந்து போட்டா ஆகாதா?

பைபாஸ்_ரோடு

இவ்வளவு ஆராய்ச்சி எதுக்கு? பழைய மோட்டாரைக் குடுத்துட்டு ரெடி பண்ணின மோட்டார் ஒண்ணு மாட்டுங்க. ஒரு மணி நேர வேலை. இருபது வருஷ வண்டியில கார்பன், புஷ்னு தனித்தனியா பிரிச்சுக்கிட்டு இருந்தா பொழுது விடிஞ்சுடும்.

டைனமோ_கடை (திண்டுக்கல்)

தம்பி, முப்பத்திரண்டு வருஷம் டைனமோ, செல்ஃப் கடை வச்சிருந்தவன் நான். இப்ப கடை மகன்கிட்ட. நான் இங்க உக்காந்து ஊரான் வண்டிக்கு வைத்தியம் பார்க்கிறேன்.

லாரிக்காரர் சொன்னதுதான் சரின்னு எனக்கும் படுது. ஆனா உங்க எலக்ட்ரீஷியன் ஏமாந்ததுல ஆச்சரியம் ஒண்ணும் இல்ல. 'டக்'னு கேட்டு சுத்தலைன்னா மோட்டார், சத்தமே இல்லைன்னா சுவிட்ச் இல்லாட்டி சொலினாய்டு. எல்லாரும் இப்படித்தான் மனப்பாடம் பண்ணி வச்சிருக்காங்க. அந்தப் பாடத்துல ஒரு ஓட்டை இருக்கு.

சொலினாய்டுக்குள்ள காயில் ஒண்ணு இல்ல, ரெண்டு. ஒண்ணு தடிச்ச கம்பி, இரும்புத் தண்டை உள்ள இழுக்கிறது. இன்னொண்ணு மெல்லிசு, இழுத்ததைப் பிடிச்சு வைக்கிறது. மெல்லிசுக்கு எர்த் சொலினாய்டு உடம்புலயே கிடைச்சுடும். தடிச்சதுக்கு அப்படி இல்ல. அது மோட்டாருக்குள்ள போய், பீல்டு காயில் (சுத்தி நிலையா நிக்கிற காயில்), கார்பன், ஆர்மேச்சர் (நடுவுல சுத்துற உருளை), மறுபடி கார்பன்னு சுத்திக்கிட்டுத்தான் எர்த்தைப் பிடிக்கும். கார்பன் தேஞ்சு ஆர்மேச்சரைத் தொடலைன்னா இழுக்கிற காயிலுக்கு எர்த்தே கிடையாது. பிடிக்கிற காயில் மட்டும் தனியா நின்னு முக்கும், அதுக்கு அவ்வளவு பலம் இல்ல. அப்புறம் 'டக்' எங்கிருந்து வரும்? கார்பன் போன மோட்டார், சொலினாய்டு செத்த மாதிரியே நடிக்கும். இது தெரியாம எத்தனை நல்ல சொலினாய்டைக் காயலான் கடைக்குப் போட்டிருக்காங்கன்னு எனக்குத் தெரியும். ஆரம்பத்துல நானும் போட்டிருக்கேன்.

சூட்டுல ஏன் படுத்துதுன்னா, கட்டையா தேஞ்ச கார்பனை ஸ்பிரிங் முழுசா அழுத்தாது. கார்பன் தூளும் எண்ணெய்ப் பிசுக்கும் சேர்ந்து அதைக் கூட்டுக்குள்ள இறுக்கிப் பிடிச்சுக்கும். போதாததுக்கு, 50 டிகிரி சூடு ஏறினா செம்புக் கம்பியோட தடை சுமார் 20 சதவீதம் கூடும், காயிலும் சோம்பேறி ஆயிடும். தட்டினா கார்பன் அதிர்ந்து ஒரு முடி அளவு நகர்ந்து தொட்டுடுது. சுவிட்ச் மாத்தி பத்து நாள் நல்லா இருந்ததும் அப்படி எதேச்சையா உக்காந்ததுதான். எங்க தொழில்ல பாதி வைத்தியம் இப்படித்தான் பலிக்கும்.

நம்பிக்கை இல்லைன்னா சோதிச்சுப் பாருங்க. எடுக்காம நிக்கும்போதே ஹெட்லைட்டைப் போட்டுட்டு சாவியைத் திருப்புங்க. வெளிச்சம் மங்கி அழுதா பேட்டரி, கேபிள் பக்கம் பாருங்க. அசையாம அப்படியே எரிஞ்சா மோட்டாருக்குள்ள கரண்ட் போகலைன்னு அர்த்தம். அடுத்து சொலினாய்டுக்கு வர்ற மெல்லிசு ஒயர்ல டெஸ்ட் லாம்பை வச்சு ஒருத்தரை சாவி திருப்பச் சொல்லுங்க, கியர் நியூட்ரல்ல இருக்கட்டும். லாம்ப் நல்லா எரிஞ்சும் செல்ஃப் பேசலைன்னா சுவிட்ச், ஒயரிங் எல்லாம் நிரபராதி.

கடைசியா பேட்டரி நெகட்டிவைக் கழட்டிட்டு, சொலினாய்டுல இருந்து மோட்டாருக்குள்ள போற தடிச்ச ஒயரை அதோட போல்ட்ல இருந்து எடுத்துடுங்க. அந்த ஒயருக்கும் மோட்டார் உடம்புக்கும் மீட்டர் வையுங்க. கிட்டத்தட்ட பூஜ்யம் காட்டணும். ஒயரைக் கழட்டாம வச்சா சொலினாய்டு காயில் வழியா ஒண்ணு ரெண்டு ஓம் காட்டி 'கார்பன் நல்லா இருக்கு'ன்னு பொய் சொல்லும். நெகட்டிவைக் கழட்டாம ஸ்பானரைக் கீழ விட்டுடாதீங்க. பேட்டரியில இருந்து வர்ற பெரிய கேபிளுக்கு ப்யூஸ் கிடையாது. என் இடது கை மோதிர விரல்ல வளையமா ஒரு தழும்பு இருக்கு, அதுக்கப்புறம் வேலை நேரத்துல மோதிரம் போடுறதை விட்டுட்டேன்.

மிக்ஸி கார்பன் வேண்டவே வேண்டாம். அது 230 வோல்ட்டுல ஓரிரு ஆம்பியருக்கு வேலை பார்க்கிறது. இங்க 12 வோல்ட்டுல நூறு ஆம்பியருக்கு மேல போகும். வழியில நூத்துல ஒரு பங்கு ஓம் கூடுதலா இருந்தாலே ஒரு வோல்ட் முழுங்கிடும். அதனாலதான் செல்ஃப் கார்பன்ல செம்புத் தூளைக் கலக்கிறாங்க. உடைச்சுப் பாருங்க, செம்பு நிறம் தெரியும். மிக்ஸி கார்பன் கன்னங்கரேல்னு இருக்கும்.

@பைபாஸ்_ரோடு: ரெடி பண்ணின மோட்டார்னு சந்தையில வர்றதுல சிலது வெறும் பெயின்ட் தம்பி. உள்ள என்ன இருக்குன்னு அடிச்சவனுக்குத்தான் தெரியும்.

சாத்தூர்800

அண்ணாச்சி, நேத்து ராத்திரியே பார்த்துட்டேன். பைபாஸ்ல ஒரு சுத்து ஓட்டி சூடேத்திட்டு வீட்டு வாசல்ல அணைச்சேன். நினைச்ச மாதிரியே எடுக்கல. ஹெட்லைட் மங்கவே இல்ல. டெஸ்ட் லாம்ப் பளீர்னு எரிஞ்சுது. ஒயரைக் கழட்டி மீட்டர் வச்சா ஒண்ணுமே காட்டல. மீட்டரை வச்சபடியே ஸ்பானர் காம்பால ஒரு தட்டு தட்டினேன், 0.3 ஓம். இன்னொரு தட்டு, திரும்ப ஒண்ணும் இல்ல. மாடிப்படியில நின்னு பார்த்துக்கிட்டிருந்த அம்மா, "அதுக்கும் உங்கப்பா மாதிரியே ரெண்டு தட்டு தட்டினாத்தான் எழுந்திரிக்குமா"ங்கிறாங்க.

இன்னைக்கு இறக்கிப் பிரிச்சேன். பின் மூடியைத் திறந்ததும் அடுப்புக்கரி மாதிரி தூள் கொட்டிச்சு. நாலு கார்பன். ஒண்ணு 9 மி.மீ., ஒண்ணு 8. பீல்டு காயில் பக்கத்து ரெண்டும் 5 மி.மீ.தான். அந்த ரெண்டோட செம்புப் பின்னலும் கூட்டு விளிம்புல போய் முட்டிக்கிட்டு நிக்குது, ஸ்பிரிங் கார்பன் மேல படவே இல்ல, கூட்டு மேலதான் உக்காந்திருக்கு. கடையில வாங்கின புது லூகாஸ் டி.வி.எஸ். கார்பன் 16 மி.மீ. இருக்கு. விலையைக் கேட்டு சிரிப்பு வந்துடுச்சு, மாத்தின சுவிட்ச் விலையில கால்வாசிகூட இல்ல.

இப்ப சிக்கல் என்னன்னா, அந்த ரெண்டு கார்பனும் பீல்டு காயிலோட ஈயம் வச்சு ஒட்டியிருக்கு. என்கிட்ட இருக்கிற 25 வாட் சால்டரிங் அயர்னை அரை மணி நேரம் வச்சும் ஈயம் இளகவே இல்ல.

டைனமோ_கடை (திண்டுக்கல்)

இளகாது தம்பி. அது ரேடியோ வேலைக்கு. காயில் செம்புப் பட்டை முழுக்க சூட்டை உறிஞ்சிடும். உங்க ஊர்ல பழைய பித்தளை ரேடியேட்டருக்கு ஈயம் வைக்கிறவர் யாராவது இன்னும் மிச்சம் இருந்தா அவர்கிட்டப் போங்க. கேஸ்ல காய வைக்கிற பெரிய செம்புக் கட்டி வச்சிருப்பார், பத்து செகண்ட் வேலை.

ஆனா ஒண்ணு அவர்கிட்ட மறக்காம சொல்லணும். ஒட்டுற இடத்துக்குப் பக்கத்துலயே பின்னலைக் குறடால இறுக்கிப் பிடிக்கச் சொல்லுங்க. இல்லைன்னா விளக்குத் திரியில எண்ணெய் ஏறுற மாதிரி ஈயம் பின்னல் முழுக்க ஏறி, ஆறினதும் ஆணி மாதிரி விறைச்சுடும். அப்புறம் கார்பன் தேயத் தேய ஸ்பிரிங்கால அதை உள்ள தள்ள முடியாது. புது கார்பன் போட்டும் ஆறு மாசத்துல திரும்பி வந்த மோட்டார்ல பாதி இந்தக் கேஸ்தான். நாலையும் மாத்துங்க, தேஞ்ச ரெண்டை மட்டும் மாத்தாதீங்க.

கம்யூட்டேட்டரை, அதான் ஆர்மேச்சர்ல கார்பன் உரசுற செம்பு வளையத்தை, உப்புத்தாளால துடைங்க. எமரித்தாள் கூடாது, அந்தத் தூள் செம்புல பதிஞ்சு புது கார்பனை ராவிடும். பள்ளம் விழுந்திருந்தா லேத்துல ஒரு மயிரிழை கடைசல் பிடிக்கணும். செம்புப் பட்டைகளுக்கு நடுவுல இருக்கிற மைக்கா, செம்பை விடக் கொஞ்சம் தாழ்ந்து இருக்கணும். ஒடிஞ்ச ஹேக்சா பிளேடைப் பக்கவாட்டுல தேச்சு மெல்லிசாக்கி அதை வச்சு இழுங்க. மீட்டர் கையில இருக்கும்போதே பாருங்க, கம்யூட்டேட்டருக்கும் ஷாஃப்டுக்கும் நடுவுல தொடர்பு இருக்கக் கூடாது, பாசிட்டிவ் கார்பன் கூட்டுக்கும் மூடிக்கும் நடுவுலயும் இருக்கக் கூடாது.

மாட்டும்போது நாலு ஸ்பிரிங்கையும் நாலு விரலால பிடிக்கப் பார்த்து எல்லாரும் கெட்ட வார்த்தை பேசுவாங்க. கார்பனைக் கூட்டுக்குள்ள பின்னால இழுத்துட்டு, ஸ்பிரிங்கை அதோட முதுகுல விடாம விலாவுல சாய்ச்சு நிறுத்துங்க. அப்படியே நிக்கும். கார்பன் கூடு இருக்கிற தட்டை ஆர்மேச்சர் மேல இறக்கினதும் ஒவ்வொண்ணா முதுகுக்குத் தள்ளிவிடுங்க.

பின் மூடி புஷ்ஷையும் பாருங்க. ஷாஃப்ட் அதுல லொட லொடன்னு ஆடினா ஆர்மேச்சர் பக்கத்து இரும்புல உரசும். உரசின இடம் பளபளன்னு காட்டிக் கொடுத்துடும். புது புஷ்ஷை முதல் நாள் ராத்திரியே இன்ஜின் ஆயில்ல ஊறப் போட்டுட்டு அப்புறம் அடிங்க.

மைனர்_யாழ்ப்பாணம்

ஐயா எழுதினதை வாசிச்சுக்கொண்டு போகேக்க ஒரு விசயம் சொல்லவேணும் எண்டு நினைச்சன். எங்கட மொரிஸ் மைனரில இந்தக் கணக்குச் சரிவராது. அதில சொலினாய்ட் ஸ்ராட்டரோட ஒட்டி இல்லை, பழைய மொடல்களில சொலினாய்டே இல்லை, கைப்பிடியை இழுத்தாக் கம்பி போய் சுவிச்சை அமத்தும். அதால பிரஷ் தேய்ஞ்சாலும் சுவிச்சுச் சத்தம் கேக்கும். மற்றது, ஸ்ராட்டர் உடம்பைச் சுத்தி ஒரு தகட்டுப் பட்டி இருக்கும், அந்த ஒரு ஸ்குரூவைக் கழட்டினாப் பிரஷ் கண்ணுக்குத் தெரியும், பிரிக்கத் தேவையில்லை. பென்டிக்சுக்கு, அதுதான் முன்னுக்கு வந்து இன்ஜினைச் சுத்துற பல்லுச்சக்கரத்துக்கு, எண்ணெய் போடாதேங்கோ, தூசி பிடிச்சுப் பல்லு முன்னுக்கு வராது, மோட்டார் மட்டும் சும்மா சுத்தும். தொண்ணூறுகளில பெற்றோல் இல்லாமல் மண்ணெண்ணெயில ஓடின காலத்தில அப்பா ஸ்ராட்டரை நம்பினதே இல்லை. காபரேற்றரில கொஞ்சம் பெற்றோலை விட்டிட்டு, முன்னுக்கு நிண்டு கைபிடியாலதான் சுத்துவார்.

டைனமோ_கடை (திண்டுக்கல்)

சரியாச் சொன்னீங்க. எங்க பக்கம் பழைய அம்பாசடரும் அதே ஜாதிதான். இன்னொண்ணு, புது வண்டிகள்ல பீல்டு காயிலுக்குப் பதிலா காந்தம் ஒட்டின மோட்டார் நிறைய வருது. அதை இப்படித் தட்டினா காந்தம் விரிசல் விட்டுடும். இந்தத் தட்டுற வைத்தியத்தை எல்லா வண்டிக்கும் கொண்டு போகாதீங்க.

சாத்தூர்800

முடிஞ்சுது அண்ணாச்சி. ரேடியேட்டர்காரர் வெம்பக்கோட்டை ரோட்டுல கிடைச்சார். குறடைப் பிடிக்கச் சொன்னதும் "இதெல்லாம் உங்களுக்கு யார் சொன்னது"ன்னு ஒரு மாதிரி பார்த்தார், காசு பாதிதான் வாங்கினார். புஷ் ஆடிச்சு, அதையும் மாத்தினேன். ஸ்பிரிங்கை விலாவுல சாய்க்கிற வித்தை மூணாவது தடவைதான் கைவந்துச்சு.

மாட்டுறதுக்கு முன்னாடி தரையில வச்சு ஜம்பர் கேபிள் குடுத்தேன். காலால அமுக்கிப் பிடிக்கச் சொல்லியிருக்கலாம் நீங்க, துள்ளி செருப்பைத் தள்ளிட்டுப் போயிடுச்சு. வண்டியில மாட்டி மூணு நாளா ஓட்டுறேன். அதே பங்க்ல வேணும்னே அணைச்சு அணைச்சு எடுத்தேன். தள்ளிவிடுற பசங்க எழுந்து வந்துட்டு திரும்பிப் போனாங்க.

ஒரு சந்தேகம். எடுத்ததும் சாவியை விட்ட பிறகு ஒரு நொடி 'கிர்ர்ர்'னு இழுக்குது. முன்னாடி இருந்துச்சான்னு ஞாபகம் இல்ல.

டைனமோ_கடை (திண்டுக்கல்)

பல் சக்கரம் பின்னால வர்றதுக்கு சோம்பேறித்தனம் பண்ணுது. மோட்டாரை இறக்கி, பென்டிக்ஸ் ஓடுற ஷாஃப்ட் பல்லை பெட்ரோல்ல கழுவித் துடைச்சுட்டு ஒரு பொட்டு மெல்லிசு கிரீஸ் மட்டும் வையுங்க. நம்ம வண்டிக்கு அது வேணும், யாழ்ப்பாணத்துத் தம்பி சொன்னது மைனருக்கு. பென்டிக்ஸைக் கையால ஒரு பக்கம் சுத்தினா விடணும், மறுபக்கம் பிடிக்கணும். ரெண்டு பக்கமும் வழுக்கினா புதுசு வாங்குங்க. அதுவரைக்கும் இன்ஜின் எடுத்த அந்த நொடியே சாவியை விட்டுடுங்க, பிடிச்சுக்கிட்டே இருக்காதீங்க.