பூட்டானின் ‘ட்ரோம்தே’: நகராட்சி என்று எழுதிவிடலாமா?

குழுவினர்க்கு வணக்கம்.

பூட்டானின் நகர நிர்வாக அலகுக்குத் தமிழில் என்ன பெயர் என்ற பேச்சில் இதுவரை வந்தவை நகராட்சி, மாநகராட்சி, நகர சபை, அப்புறம் எதுவும் வேண்டாம் அப்படியே ஒலிபெயர்த்துவிடலாம் என்று ‘த்ரோம்டே’ (ரோமனில் thromde). நான்கிலும் எனக்கு மறுப்பு உண்டு. மறுத்துவிட்டு ஓடிப்போகாமல் மாற்றும் சொல்கிறேன், கொஞ்சம் நீளும், பொறுத்துக்கொள்ளுங்கள்.

முதலில் ஒலிபெயர்ப்பு, ஏனென்றால் அதில்தான் எல்லாரும் வேகமாகக் கைவைக்கிறார்கள். ‘த்ரோம்டே’ என்பது ரோமன் எழுத்தைப் பார்த்து எழுதியது, பூட்டானின் தேசிய மொழியான ஜோங்காவைக் கேட்டு எழுதியது இல்லை. ஜோங்கா எழுத்தில் இது ‘க்ரோம் + ஸ்தே’. எழுத்தில் க்ர என்று இருப்பது பேச்சில் நாக்கு நுனியை மடித்து மேலண்ணத்தில் தொட்டு மூச்சோடு விடும் ஒலியாக மாறிவிட்டது, அதாவது நம் டகரத்துக்குப் பக்கத்துச் சொந்தக்காரன். ரகரம் ஏறக்குறைய அதிலேயே கரைந்துவிடும். பின்னால் வரும் ‘ஸ்தே’யில் ஸகரம் ஒலிக்காது, மிஞ்சுவது பல்லில் படும் தே. ஆக, டகரம் வரவேண்டிய இடத்தில் த, தகரம் வரவேண்டிய இடத்தில் ட என்று இரண்டையும் தலைகீழாக எழுதிக்கொண்டிருக்கிறோம். இந்த இரண்டு ஒலிக்கும் தனித்தனி எழுத்து வைத்திருக்கிற நாம் இதைச் செய்வதுதான் வேடிக்கை. ரோமனில் எழுதுகிறவனுக்கு அந்த வசதி இல்லை, அவன் தடுமாறுவதில் நியாயம் இருக்கிறது.

‘ட்ரோம்தே’ என்று எழுதலாம் என்பது என் கருத்து. ரகரத்தை விட்டு ‘டோம்தே’ என்றால் ஒலிக்கு இன்னும் நெருக்கம், ஆனால் செய்திகளில் ரோமன் வடிவத்தைப் பார்த்துவிட்டுத் தேடி வருகிறவருக்கு அடையாளம் தெரியாமல் போகும். டகரம் மொழிமுதலில் வராதே என்று கேட்பவர்களுக்கு: இலக்கணம் சரிதான், ஆனால் டோக்கியோவையும் டாக்காவையும் எழுதிவிட்டு இங்கே மட்டும் ஏன் கதவைச் சாத்துகிறோம்? ‘இட்ரோம்தே’ என்று இகரம் சேர்த்தே ஆகவேண்டும் என்றாலும் சண்டைக்கு வரமாட்டேன். ‘திரோம்டே’ மட்டும் வேண்டாம்.

சரி, பொருளுக்கு வருவோம். ‘ட்ரோம்’ என்றால் சந்தை, கடைத்தெரு, அங்கே கூடும் கூட்டம், அதிலிருந்து நகரம். ‘தே’ என்றால் பிரிவு, குழுமம், ஒரு சமூகமாகச் சேர்ந்த பகுதி. இந்தத் தே பூட்டானில் பல இடங்களில் வருகிறது. பழைய பூட்டானில் 1907-இல் பரம்பரை மன்னராட்சி வரும்வரை உலகியல் ஆட்சியைக் கவனித்தவருக்கு ‘தேசி’ என்று பட்டம், அதிலும் இதே தே. மன்றத்தைக் குறிக்கும் ‘சோக்தே’யிலும் இதே தே.

மலைநாட்டில் நகரத்துக்குச் சந்தையை வைத்துப் பெயர் வந்தது ஏன் என்பதும் யோசிக்க வேண்டியது. பூட்டானில் அதிகாரம் இருந்த இடம் ஜோங், அதாவது கோட்டை. உள்ளே பாதி மடம், பாதி நிர்வாகம். மாவட்டத்துக்கு ‘ஜோங்காக்’ என்று பெயர் வந்ததே அந்தக் கோட்டையால்தான். வெளியே வயலும் சிதறிய வீடுகளும். இன்றைக்கு நாம் நகரம் என்று சொல்லும் கடைத்தெருவும் மாடிக்கட்டடமும் 1960-களின் தொடக்கத்தில் திம்பு நிரந்தரத் தலைநகரானது, இந்திய எல்லையிலுள்ள புந்த்சோலிங்கிலிருந்து மோட்டார் சாலை வந்தது, இவற்றுக்குப் பிறகுதான் வளர்ந்தன. கோட்டையிலிருந்து மாவட்டம், கடைத்தெருவிலிருந்து நகரம். இந்த எதிரிணை அவர்கள் சொல்லில் அப்படியே உட்கார்ந்திருக்கிறது.

இதைப் பார்த்தவுடன் எனக்கு நம் பழைய ‘நகரம்’தான் ஞாபகம் வந்தது, உங்களில் சிலருக்கும் வந்திருக்கும். சோழர் கல்வெட்டுகளில் ஊர், சபை, நகரம் என்று மூன்று வகை வருகின்றன இல்லையா, வேளாண் ஊராருக்கு ஊர், பிராமணர்க்குக் கொடுத்த பிரமதேயத்துக்குச் சபை, வணிகர் கூடி நடத்திய சந்தை ஊருக்கு நகரம். அந்த ‘நகரம்’ இடத்தையும் குறிக்கும், அந்த இடத்தை நடத்திய குழுவையும் குறிக்கும். நகரத்தார் என்ற பெயர் இன்றும் அந்தப் பொருளைச் சுமந்துகொண்டிருக்கிறது. ட்ரோம்தேயும் அச்சாக இப்படித்தான்: திம்பு ட்ரோம்தே என்றால் அந்த நகரப் பகுதியும் அதுதான், குப்பை அள்ளுகிற, வரி வாங்குகிற, கட்டட அனுமதி கொடுக்கிற அலுவலகமும் அதுதான்.

அப்படியானால் ‘நகரம்’ என்றே வைத்துவிட வேண்டியதுதானே? ஆசையாகத்தான் இருக்கிறது, ஆனால் நடக்காது. தெற்குப் பூட்டானில் கெலெபு என்று ஒரு ட்ரோம்தே இருக்கிறது. இன்றைய வாசகருக்கு ‘கெலெபு நகரம்’ என்றால் வெறும் ஊர். அதோடு 2023 டிசம்பரில் மன்னர் அறிவித்த ‘கெலெபு மைண்ட்ஃபுல்னஸ் சிட்டி’ என்ற பெரிய நகரத் திட்டமும் கெலெபுவில்தான் வருகிறது. அதன் பெயரிலேயே நகரம் இருக்கிறது, தனி நிர்வாகப் பகுதியாக அமைகிறது, கெலெபு ட்ரோம்தேயைவிட எத்தனையோ மடங்கு பெரியது. இரண்டையும் ‘கெலெபு நகரம்’ என்று எழுதினால் படிப்பவர் பாடு திண்டாட்டம்.

இப்போது பெரும்பான்மையினர் கேட்கும் ‘நகராட்சி’. இதை மறுப்பதற்கு அவர்கள் சட்டத்தைக் கொஞ்சம் பார்க்க வேண்டும். 2008 ஜூலையில் வந்த அரசமைப்புச் சட்டத்தின் 22-ஆம் உறுப்பு உள்ளாட்சியைப் பற்றியது. மாவட்டத்துக்கு ஜோங்காக் சோக்து, பல கிராமங்கள் சேர்ந்த அலகான கெவோக்குக்குக் கெவோக் சோக்தே, நகரத்துக்கு ட்ரோம்தே சோக்தே என்று மூன்று மன்றங்களை அது சொல்கிறது. பின்னால் 2009 உள்ளாட்சிச் சட்டம் ட்ரோம்தேக்களை வகை பிரித்தது. மக்கள்தொகையும் வளர்ச்சியும் போதிய அளவு இருந்தால் முதல் வகை, அதற்குத் தனியாகத் தேர்ந்தெடுக்கப்பட்ட மன்றம் உண்டு. திம்பு, புந்த்சோலிங், கெலெபு, சம்த்ருப் ஜோங்கார் இந்த நான்கும்தான் அப்படி. இரண்டாம் வகைக்குத் தனி மன்றம் கிடையாது, மாவட்ட நிர்வாகமே பார்த்துக்கொள்ளும். இதற்கும் கீழே ‘யென்லாக் ட்ரோம்தே’ என்று ஒன்று. யென்லாக் என்றால் உறுப்பு, கிளை. மாவட்டத்தின் தலைமை நகரம் அல்லாத சிறு ஊர்கள் அதில் வரும், அதற்கும் தனி மன்றம் இல்லை.

இங்கேதான் நகராட்சி உதைக்கிறது. தன்னைத் தானே ஆளாத ஊருக்கு ‘ஆட்சி’ என்று முடியும் பெயரை எப்படிக் கொடுப்பது? தமிழ்நாட்டு வாசகர் நகராட்சி என்று படித்ததும் வார்டு, கவுன்சிலர், தலைவர் என்று வரிசையாக நினைத்துக்கொள்வார். பூட்டானின் பெரும்பாலான ட்ரோம்தேக்களில் அது எதுவும் இல்லை. நகர சபையிலும் இதே கோளாறுதான், இன்னும் கொஞ்சம் கூட. இலங்கை வழக்கில் அது நேராக மன்றத்தையே குறிக்கும், இடத்தைக் குறிக்காது.

மாநகராட்சி என்று சொன்னவருக்கு ஒரு கேள்வி: திம்புவுக்குச் சரி, 2017 கணக்கெடுப்பில் ஒரு லட்சத்து 14 ஆயிரத்துச் சொச்சம் பேர். கெலெபுவிலும் சம்த்ருப் ஜோங்காரிலும் பத்தாயிரம்கூடத் தேறவில்லை. அளவை வைத்துப் பெயர் கொடுத்தால் ஒன்று மாநகராட்சி, ஒன்று பேரூராட்சி என்று ஆகிவிடும், ஆனால் அவர்கள் சட்டத்தில் எல்லாவற்றுக்கும் ஒரே சொல், மன்றம் உண்டா இல்லையா என்பதுதான் வேறுபாடு. நம் அளவுகோலை அவர்கள் நாட்டில் கொண்டுபோய் நட வேண்டியதில்லை.

‘நகர்க்கூற்றம்’ என்று ஒருவர் சொல்லியிருந்தார். மிழலைக் கூற்றம் போல, பழைய நாட்டுப் பிரிவுப் பெயர், ‘தே’வுக்குப் பொருத்தமாகக்கூட இருக்கிறது. ஆனால் கூற்றம் என்றால் எமன் என்றும் பொருள் இருக்கிறதே, ஐயா. திம்பு நகர்க்கூற்றம் வீட்டு வரியை உயர்த்தியது என்று எழுதிப் பாருங்கள்.

என் பரிந்துரை ‘நகரியம்’. புதுச் சொல் இல்லை, நெய்வேலி நகரியம் என்று பல காலமாகப் புழங்குவதுதான். அங்கே நகரியம் என்றால் என்ன? எல்லை வகுத்த நகரப் பகுதி, அதற்கு ஒரு நிர்வாகம் உண்டு, ஆனால் அந்த நிர்வாகம் அந்த ஊர்க்காரர் வாக்களித்து வந்ததாக இருக்க வேண்டும் என்ற கட்டாயம் இல்லை. நமக்கு வேண்டியது அதேதான். தனி மன்றம் உள்ள திம்புவும் நகரியம், மாவட்ட நிர்வாகம் பார்க்கிற சிற்றூரும் நகரியம். இடம், அலுவலகம் இரண்டையும் தாங்கும்: ‘நகரிய எல்லைக்குள்’ என்றும் சொல்லலாம், ‘நகரியம் வரி விதித்தது’ என்றும் சொல்லலாம். கம்பெனிக் குடியிருப்பு ஞாபகம் வருகிறது என்பது எதிர்வாதம். வரட்டும், ‘ஆட்சி’ கொடுக்கும் தவறான எண்ணத்தைவிட இது எவ்வளவோ மேல். சந்தைப் பொருள் இதில் தொலைந்துபோகிறது என்பது எனக்கும் குறைதான். ‘பேட்டை’ அந்தப் பொருளைக் காப்பாற்றும், ஆனால் திம்புப் பேட்டை என்றால் சிட்கோ தொழிற்பேட்டையா என்று கேட்பார்கள்.

நகரியத்தை எடுத்துக்கொண்டால் மற்றவை தானாக விழுகின்றன. ஜோங்காக் ட்ரோம்தே மாவட்ட நகரியம், யென்லாக் ட்ரோம்தே கிளை நகரியம். மன்றங்களுக்கு ஒரு ஒழுங்கு வேண்டும்: பூட்டான் நாடாளுமன்றத்தின் இரண்டு அவைகளில் கீழவை சோக்து, மேலவை சோக்தே என்று முடிகின்றன. சோக்துவுக்குப் பேரவை, சோக்தேவுக்கு அவை என்று எல்லா மட்டத்திலும் பிடித்துக்கொண்டால் தேசியப் பேரவை, தேசிய அவை, மாவட்டப் பேரவை, நகரிய அவை என்று சீராகப் போகும். நகரிய அவைக்கு ஏழு முதல் பத்து வரை தேர்ந்தெடுக்கப்பட்ட உறுப்பினர்கள், ஐந்தாண்டுக் காலம். இந்த உள்ளாட்சி மன்றங்கள் சட்டம் இயற்ற முடியாது, நாடாளுமன்றச் சட்டத்துக்கு உட்பட்டு விதிகள் செய்யலாம், நிலவரி, கட்டட வரி போன்றவை விதிக்கலாம். ஆகவே ‘சட்டமன்றம்’ சாயல் உள்ள எந்தச் சொல்லையும் இங்கே தவிர்க்க வேண்டும்.

அடுத்து ‘ட்ரோம்போன்’, நகரியத்தின் தலைவர். போன் என்றால் தலைவர், அதிகாரி. பழைய கோட்டைத் தலைவருக்கு ஜோங்போன் என்று பெயர், பென்லோப் என்ற ஆளுநர் பட்டத்திலும் முதல் பாதி இதே சொல்தான். சிலர் மேயர் போதும் என்கிறார்கள், சிலர் நகர்மன்றத் தலைவர் என்கிறார்கள். தமிழ்நாட்டில் 2022 தேர்தலில் மேயரையும் நகர்மன்றத் தலைவரையும் கவுன்சிலர்கள் கூடித்தான் தேர்ந்தெடுத்தார்கள். ட்ரோம்போனை வாக்காளர்கள் நேரடியாகத் தேர்ந்தெடுக்கிறார்கள். ‘மன்றத் தலைவர்’ என்று எழுதினால் மன்றம் தேர்ந்தெடுத்தவர் என்று பொருள்பட்டுவிடும். எனவே நகரியத் தலைவர். 2011 ஜனவரியில்தான் இந்தப் பதவிகளுக்கு முதல் தேர்தல் நடந்தது, கட்சிச் சின்னம் இல்லாமல். அங்கே உள்ளாட்சித் தேர்தல்களில் கட்சிகளுக்கு இடமில்லை.

இதில் கட்டுரை எழுதுகிறவர்கள் வழுக்கி விழும் இடம் ஒன்று உண்டு. பூட்டானில் குடிப்பதிவு எந்த ஊரில் இருக்கிறதோ அங்கேதான் வாக்கு. திம்புவில் குடியிருப்பவர்களில் பெரும்பாலோரின் பதிவு சொந்தக் கிராமத்தில் கிடக்கிறது. அதனால் நகரியத் தலைவரைத் தேர்ந்தெடுப்பது நகரவாசிகளில் மிகச் சிறிய பகுதிதான். ‘திம்பு மக்கள் தேர்ந்தெடுத்தனர்’ என்று எழுதாதீர்கள், ‘திம்பு வாக்காளர்கள்’ என்று எழுதுங்கள்.

கெவோக், அதன் உட்பிரிவான சிவோக் இரண்டையும் இப்போதைக்குத் தொடவேண்டாம் என்று நினைக்கிறேன். கெவோக்குக்கு ஊராட்சி ஒன்றியம் என்று எழுதுவதைப் பார்த்திருக்கிறேன், அது பொருந்தாது. கெவோக்கின் தலைவரை, ‘குப்’ என்பார்கள், மக்களே நேராகத் தேர்ந்தெடுக்கிறார்கள், அளவிலும் ஒன்றியம் ரொம்பப் பெரிது. அதைத் தனியாகப் பேசலாம். புதுச்சேரியில் கொம்யூன் பஞ்சாயத்து என்று பிரெஞ்சுச் சொல்லை இன்றும் வைத்துக்கொண்டுதான் வாழ்கிறோம், கெவோக்கும் சில காலம் கெவோக்காகவே இருந்துவிட்டுப் போகட்டும்.

நடைமுறைக்கு: கட்டுரையில் முதல் முறை வரும்போது ‘ட்ரோம்தே எனப்படும் நகரியம்’, அதன்பின் நகரியம் மட்டும். அலுவலகத்தின் முழுப்பெயராக வரும் இடத்தில் ‘திம்பு ட்ரோம்தே’ என்றே விடலாம். நகரியத்துக்கு எதிர்ப்பு இருந்தால் இரண்டாம் வகைக்கும் கிளைக்கும் சேர்த்துப் பொருந்துகிற மாற்றுச் சொல்லோடு வாருங்கள், திம்புவுக்கு மட்டும் பொருந்துகிற சொல் என்னிடமே நாலைந்து இருக்கிறது. மொழிமுதல் டகரத்துக்கு இகரம் வேண்டுமா வேண்டாமா என்பதையும் இலக்கணம் தெரிந்தவர்கள் சொல்லிவிட்டால் கட்டுரைத் தலைப்புகளை மாற்றத் தொடங்கிவிடலாம்.