போர்முனைச் சிரிப்பு: ஆறுதலா, அமுக்கலா?

கம்பாசிட்டர்:
முதல் உலகப் போரின் பதுங்குகுழி நகைச்சுவையை வெறும் பொழுதுபோக்கு என்று தள்ளுபவர்கள், பிரிட்டிஷ் சிப்பாய்கள் போர்முனையில் நடத்திய நகைச்சுவை இதழ் 'வைப்பர்ஸ் டைம்ஸ்' அச்சான விதத்தைப் பாருங்கள். 1916 பிப்ரவரி, பெல்ஜியத்தின் ஈப்ர நகரம். பிரிட்டிஷ் சிப்பாய்கள் வாயில் அது 'வைப்பர்ஸ்'. இடிபாட்டில் கிடைத்த அச்சு இயந்திரத்தை ஷெர்வுட் ஃபாரஸ்டர்ஸ் 12ஆவது பட்டாலியனின் கேப்டன் ராபர்ட்ஸும் லெப்டினன்ட் பியர்சனும் எடுத்துக்கொண்டார்கள். அச்சுத்தொழில் தெரிந்த சார்ஜென்ட் ஒருவர் அகப்பட்டார். டைப், அதாவது கோக்கிற உலோக எழுத்துகள், ஒரு பக்கத்துக்குத்தான் போதும். அதிலும் ஒய், ஈ எழுத்துகளுக்குத் தட்டுப்பாடு. ஒரு பக்கம் கோத்து, அடித்து, டைப்பைப் பிரித்துப் பெட்டியில் போட்டால்தான் அடுத்த பக்கம். பிரித்தபிறகு பிழை கண்ணில் பட்டால் மறுபடி முதலிலிருந்து கோக்க வேண்டும். முதல் இதழ் 100 பிரதி. ஷெல் விழுகிற ஊரில் வெறும் வேடிக்கைக்காக யாரும் இவ்வளவு பாடுபட மாட்டார்கள்.

மறுகரை:
பாடுபட்டது உண்மை. ஆனால் இதழின் ஆசிரியர்களான ராபர்ட்ஸ், பியர்சன் இருவருமே அதிகாரிகள், சாதாரணச் சிப்பாய்கள் அல்ல. அதோடு, எடின்பரோவில் கிரெய்க்லாக்ஹார்ட் மருத்துவமனையில் குண்டதிர்ச்சி (போர் அதிர்ச்சியால் மனம் பாதிக்கப்பட்ட) நோயாளிகளைப் பார்த்த டாக்டர் ரிவர்ஸ் என்ன சொன்னார்? போர் நினைவை வலிந்து மறக்க முயன்றவர்களுக்குத்தான் ராத்திரிக் கனவுகள் முற்றின. மனம்விட்டுப் பேசியதும் பலருக்குத் தணிந்தது. சிரித்து மழுப்புவதும் அமுக்குவதில்தான் சேரும்.

கம்பாசிட்டர்:
மழுப்பல் எங்கே இருக்கிறது? 1916 ஜூலை 1, சோம் போர்முனை. பிரிட்டிஷ் தரப்பில் ஒரே நாளில் 57,470 பேர் இழப்பு. அதில் 19,240 பேர் செத்தவர்கள். அந்த மாதக் கடைசியில் அதே பத்திரிகை 'சோம் டைம்ஸ்' என்று பெயர் மாற்றி வந்த இதழில் ஒரு போலி மருந்து விளம்பரம். உங்களுக்கு நம்பிக்கை நோயா? காலையில் கண்விழித்ததும் நேசநாடுகளுக்கு எல்லாம் நல்லபடி நடக்கிறது என்று தோன்றுகிறதா? எங்களிடம் இரண்டு நாள் தங்கினால் அடியோடு போய்விடும் என்கிறது. போரை மினுக்கி எழுதிய செய்தியாளர் பீச் தாமஸ் அங்கே 'டீச் போமாஸ்' ஆனார். பயத்தையும் பொய்யையும் பேர் சொல்லிக் காட்டிய சிரிப்பு இது.

மறுகரை:
விளம்பரம் கூர்மையானது, ஒப்புக்கொள்கிறேன். மேலிடம் ஏன் விட்டுவைத்தது என்றும் யோசியுங்கள். சிப்பாயின் கோபம் சிரிப்பாகக் கரைந்தால் கலகமாகத் திரளாது.

திண்ணை:
ரிவர்ஸ் வேலை பார்த்த அதே மருத்துவமனையில் நோயாளிகளே 'ஹைட்ரா' என்று இதழ் நடத்தினார்கள். 1917இல் ஆசிரியர், அங்கே நோயாளியாக இருந்த கவிஞர் வில்ஃப்ரெட் ஓவன். அவருக்கு வைத்தியம் பார்த்த டாக்டர் பிராக் அதை ஊக்குவித்தார்.

மறுகரை:
பிராக் நம்பியது வேலையை. சுற்றியுள்ள உலகத்தோடு அறுந்துபோன பிடிப்பை வேலையால் மீட்பதுதான் அவர் முறை. ஈப்ர நகரில் டைப் கோத்த சார்ஜென்டைத் தாங்கியது நகைச்சுவையா கைவேலையா என்று கேட்டால், கைவேலை என்றுதான் சொல்வேன்.