அங்கோர் கோயில்களுக்கு வழிகாட்டியுடன் செல்ல ஆலோசனை வேண்டும்

அன்பர்களுக்கு வணக்கம். வரும் ஜனவரியில் மூட்டுவலி உள்ள என் தாயாருடன் கம்போடியாவின் சியம் ரீப் நகரில் தங்கி, பழைய கெமர் பேரரசுக் காலக் கோயில்களை வழிகாட்டியின் துணையோடு சில நாள்கள் நிதானமாகப் பார்க்க விரும்புகிறேன். நான் கேட்டறிந்த பயண நிறுவனங்கள் அனைத்தும் அங்கோர் வாட், பாயோன், தா புரோம் மூன்றையும் ஒரே பகலில் முடித்துவிடுகின்றன; அங்கோர் வாட்டின் பாற்கடல் கடையும் சிற்பத் தொகுதிக்கே அரை நாள் வேண்டும் என்பது என் எண்ணம்.

கி.பி. 967இல் எழுப்பப்பட்ட பந்தியாய் ஸ்ரீ கோயிலில், ஆடும் சிவனின் அருகே காரைக்கால் அம்மையார் என ஆய்வாளர்கள் கருதும் உருவத்தைத் தாயார் அவசியம் காண விரும்புகிறார். பத்தாம் நூற்றாண்டில் தலைநகராக இருந்த கோ கேரையும் சேர்க்க முடியுமா? அது தொலைவில் இருப்பதுடன், அங்கோர் அனுமதிச்சீட்டும் அங்கே செல்லாது.

சைவ, வைணவச் சிற்ப மரபுகளை விளக்கக்கூடிய, உரிமம் பெற்ற ஆங்கில வழிகாட்டியை முன்கூட்டியே அமர்த்துவது எவ்வாறு? ஒரு நாளுக்கு என்ன கட்டணம் நியாயமானது? அங்கோர் வாட்டின் உச்சித் தளத்துக்குச் செல்லும் செங்குத்தான படிகளில் முதியவர்கள் ஏற முடியுமா என்பதையும், அண்மையில் சென்று வந்தவர்கள் தெரிவித்தால் நன்றியுடையவனாக இருப்பேன்.