சைட்டராபினை ஏழு நாள் இடைவிடாமல் ஏற்றுவது ஏன்?

கேள்வி:
வணக்கம். அக்யூட் மைலாய்டு லுக்கேமியா என்ற இரத்தப் புற்றுநோய்க்காக என் தந்தைக்கு 7 நாள்கள் இரவு பகலாகச் சைட்டராபின் என்ற புற்றுநோய் மருந்தை ஏற்றுகிறார்கள். முதல் 3 நாள்கள் கொடுத்த டானோரூபிசின் என்ற மற்றொரு மருந்து சிறிது நேரத்திலேயே ஏறி முடிந்துவிட்டது. சைட்டராபின் பம்ப் மட்டும் ஓய்வதே இல்லை. மொத்த மருந்தையும் ஒரே ஊசியாகப் போட்டுவிடக் கூடாதா? விவரம் அறிந்தவர்கள் விளக்க வேண்டுகிறேன்.

மறுமொழி 1:
டி.என்.ஏ.வின் நான்கு எழுத்துகளுள் ஒன்றான சைட்டோசின், இயல்பாக டிஆக்ஸிரைபோஸ் என்ற சர்க்கரையோடு இணைந்திருக்கும். சைட்டராபினில் அந்த இடத்தில் அரபினோஸ் இருக்கிறது. (அரபினோஸ் கொண்ட இத்தகைய சேர்மங்கள் 1950களில் கரீபியக் கடற்பஞ்சு ஒன்றில் கண்டறியப்பட்டதே இம்மருந்துக்கு வழிகாட்டியது.) இந்த வேறுபாட்டை உணராத உயிரணு, மருந்தை உள்ளிழுத்து, அதன்மீது மூன்று பாஸ்பேட்டுகளை ஏற்றி, அதைத் தானே செயலூட்டிவிடுகிறது. டி.என்.ஏ. நகலெடுக்கப்படும்போது இந்தப் போலி எழுத்து சங்கிலியில் சேர்ந்தால், அடுத்த எழுத்தைக் கோக்க முடியாமல் பாலிமரேஸ் நொதி திணறுகிறது. நகலெடுப்பு தடைபட்டு உயிரணு மடிகிறது.

ஆகவே நகலெடுக்கும் கட்டத்தில் இருக்கும் அணுக்களே இம்மருந்துக்குப் பலியாகும். புற்றணுக்கள் அனைத்தும் ஒரே வேளையில் அக்கட்டத்துக்கு வருவதில்லை. மேலும், கல்லீரலில் மிகுதியாக உள்ள சைட்டிடின் டிஅமினேஸ் என்ற நொதி, சில மணி நேரத்திலேயே மருந்தைச் செயலற்றதாக்கிவிடுகிறது. ஒரே ஊசியோடு நிறுத்தினால், மருந்து மறைந்த பின் பிரியத் தொடங்கும் அணுக்கள் தப்பிவிடும். பம்ப் ஓயாமல் இருப்பது அதற்காகத்தான்.

கேட்டவர்:
மிக்க நன்றி ஐயா. மருந்து நின்ற பிறகும் இரத்த அணுக்கள் குறையும் என்கிறார்களே, அது ஏன்?

மறுமொழி 2:
இரத்தத்தில் ஏற்கெனவே உள்ள அணுக்கள் தம் ஆயுள் முடிந்து மறைகின்றன. அவற்றை ஈடுசெய்ய வேண்டிய எலும்பு மஜ்ஜையின் நல்ல அணுக்களும், வேகமாகப் பிரிபவை என்பதால், மருந்தில் அடிபட்டிருக்கின்றன. அதனால் மருந்து தொடங்கிய இரண்டாவது, மூன்றாவது வாரங்களில் எண்ணிக்கை மிகவும் தாழ்ந்திருக்கும். அந்நாள்களில் 38 டிகிரி செல்சியஸ் காய்ச்சல் கண்டாலும், இரவு எந்நேரமானாலும், உடனே மருத்துவக் குழுவிடம் சொல்லிவிடுங்கள்.

பின்னர் உயர் அளவுச் சைட்டராபின் கொடுத்தால், அது உடல் அசைவுகளைச் சீராக வைக்கும் சிறுமூளையைப் பாதிக்கக்கூடும் என்பதால், நோயாளியை நாள்தோறும் கையெழுத்திடச் சொல்லி முந்தைய நாள் கையெழுத்தோடு ஒப்பிடும் வழக்கம் உண்டு. கண் அழற்சியைத் தடுக்க ஸ்டீராய்டு சொட்டு மருந்தும் விடுவார்கள். நடையிலோ பேச்சிலோ தடுமாற்றம் தெரிந்தால், அடுத்த டோஸ் ஏறுவதற்கு முன்பே தெரிவித்துவிடுங்கள்.