ஜப்பானில் கத்திப் பட்டறை பார்க்கணும்: சக்காயா, தக்கேஃபுவா?

திண்டுக்கல்_மெஸ்:

எல்லாருக்கும் வணக்கம். அக்டோபர்ல நானும் வீட்டுக்காரரும் ஜப்பான் போறோம். டோக்கியோ, கியோட்டோ ரெண்டு ஊரும் முடிவாயிடுச்சு. அவருக்குக் கோயில், தோட்டம் போதும். எனக்குக் கத்தி பார்க்கணும். மெஸ் நடத்துறேன், காலையில வெங்காயத்துல ஆரம்பிச்சா மத்தியானம் வரைக்கும் கையில கத்திதான். நான் இடது கைக்காரி வேற.

யாரைக் கேட்டாலும் டோக்கியோவுல கப்பாபாஷி போங்கன்னு சொல்றாங்க. அது பாத்திரக்கடைத் தெரு, எனக்கு அது வேண்டாம். உலையில இரும்பு பழுக்கிறதையும் அடிக்கிறதையும் கிட்ட நின்னு பார்க்கணும், முடிஞ்சா நானும் ஒரு அடி அடிக்கணும். தேடினா சக்காய், தக்கேஃபு, செக்கின்னு பேர் வருது. ஒரு இடத்துக்குத்தான் நேரம் இருக்கு. எங்க போகலாம்? ரெண்டு பேருக்கும் ஜப்பான் மொழி சுத்தமாத் தெரியாது.

ஒசாகாவாசி:

அக்கா, நான் ஒசாகாவுல வேலை பார்க்கிறேன், சக்காய் எனக்கு ரயில்ல பக்கம். ஆனாலும் உங்களைச் சக்காய்க்குப் போகச் சொல்ல மாட்டேன். காரணம் சொல்றேன்.

சக்காய்ல ஒரே ஆள் முழுக் கத்தியும் செய்றது அபூர்வம். கொல்லர் அடிச்சு, தோய்ச்சல் போட்டு (பழுத்த தகட்டை முக்கிக் கெட்டியாக்கிறது), கறுப்பா முரட்டுத்தனமா இருக்கிற தகட்டைக் கொடுத்துடுவார். அதைச் சாணைக்காரர் வாங்கி விளிம்பு எடுப்பார். பிடி செய்றவர் தனி ஆள், அதைக் கடைசியில மாட்டி விக்கிறது மொத்த வியாபாரி. இந்த ஏற்பாடு ரொம்பப் பழசு. 16ஆம் நூற்றாண்டுல போர்ச்சுகீசியர் புகையிலையைக் கொண்டுவந்த பிறகு இலை நறுக்குற கத்திக்குத் தேவை வந்துச்சு. சக்காய்ல செஞ்ச அந்தக் கத்திக்கு எடோ காலத்து (17-19ஆம் நூற்றாண்டு) ஷோகன், அதாவது படைத்தலைவர் அரசே முத்திரை குத்தி விக்க வச்சது. இன்னைக்கும் ஜப்பான் மீன் சமையல்காரங்க வச்சிருக்கிற ஒருபக்கப் பட்டைக் கத்தியில (ஒரு பக்கம் மட்டும் சரிவாத் தீட்டினது) பெரும்பங்கு அந்த ஊருதான்.

ஆனா பட்டறை எல்லாம் சந்துக்குள்ள, வீட்டோட ஒட்டின சின்ன இடங்கள். திடீர்னு போய்க் கதவைத் தட்ட முடியாது. ஆள் வச்சு முன்கூட்டியே பேசி, மொழிபெயர்ப்பாளரோட போனாத்தான் உள்ள விடுவாங்க. ஒசாகா தென்னோஜியில இருந்து ஹங்காய் டிராம் ஏறி மியோகொகுஜி-மாயேல இறங்கினா சக்காய் தென்ஷோகான்னு கைத்தொழில் காட்சிக்கூடம் நடை தூரம். அங்க நூத்துக்கணக்குல கத்தி கண்ணாடிக்குள்ள இருக்கும், விளக்கமும் நல்லா இருக்கும். உங்களுக்கு வேண்டியது உலை, அது அங்க இல்லை.

தக்கேஃபுக்குப் போங்க. ஃபுகுய் மாநிலம், எச்சிஸென் நகரம். 1993ல அந்த ஊர்க் கொல்லர்கள் பணம் போட்டு, கடன் வாங்கி, பொதுப் பட்டறை ஒண்ணு கட்டினாங்க. தக்கேஃபு நைஃப் வில்லேஜ்னு பேரு. ஒரே கூரைக்குக் கீழ பல கொல்லர்கள், ஒவ்வொருத்தருக்கும் சொந்தப் பேரு, சொந்த முத்திரை. இயந்திரத்தைப் பகிர்ந்துக்குவாங்க. மேல நடைபாதையில நின்னு பார்க்கிறதுக்கு யார்கிட்டயும் கேட்க வேண்டாம். ஊரோட கதை 700 வருஷத்துக்குப் போகுது: 1337ல கியோட்டோ வாள் கொல்லர் சியோசுரு குனியாசு இங்க வந்து, பக்கத்து விவசாயிகளுக்கு அரிவாளும் அடிச்சுக் கொடுத்தார்னு சொல்றாங்க. 1979ல அரசு மரபுக் கைத்தொழில் பட்டியல்ல அடிச்சுச் செய்ற கத்தி வகையில முதல்ல சேர்ந்தது எச்சிஸென்தான்.

அங்க இதைப் பாருங்க: ரெண்டு கத்தித் தகட்டை ஒண்ணு மேல ஒண்ணு வச்சு ஒரே நேரத்துல பெல்ட் சம்மட்டியில (பெல்ட்டால ஓடுற இயந்திரச் சுத்தியல்) கொடுப்பாங்க. ரெண்டும் சேர்ந்தா தடிமன் வருது, சூடு சீக்கிரம் இறங்காது, ரெண்டும் சமமா மெலியும். இடையில பிரிச்சு முன்ன பின்ன மாத்தி மறுபடியும் அடிப்பாங்க. கை நடுங்கினா ரெண்டு கத்தியும் போச்சு.

தோய்ச்சல் நடக்கும்போது நீங்க அங்க இருந்தா யோகம். தகட்டுல களிமண் கரைசல் பூசி உலர வச்சு, 800 டிகிரிக்குக் கொஞ்சம் கீழ வரைக்கும் பழுக்க வச்சு, தண்ணியிலயோ எண்ணெயிலயோ முக்குவாங்க. களிமண் எதுக்குன்னா, பழுத்த இரும்பைச் சுத்தி ஆவிப்படலம் கட்டாம சூடு சீரா இறங்கணும். நிறத்தை வச்சுச் சூட்டைக் கணிக்கிற கொல்லர்கள் அந்த நேரம் விளக்கை அணைச்சுடுவாங்க.

ஒண்ணு மட்டும் என் அபிப்பிராயம், மத்தவங்க ஒத்துக்காம இருக்கலாம். வர்றவங்க எல்லாரும் தீப்பொறியைப் படம் எடுத்துட்டுக் கிளம்பிடுறாங்க. கத்தி கத்தியாகிறது சாணையிலதான். தோய்ச்சல்ல எல்லாத் தகடும் கொஞ்சம் முறுக்கிக்கும். சாணைக்காரர் ஒரு கண்ணை மூடி நீளவாக்கில பார்த்து, சுத்தியால லேசா ஒரு தட்டு, மறுபடி பார்வை, மறுபடி ஒரு தட்டு. நான் நின்ன இடத்துல இருந்து எனக்கு எந்த வளைவும் தெரியலை. அவருக்குத் தெரிஞ்சுது. அந்த ஆள் பக்கத்துல அரை மணி நேரம் நில்லுங்க.

நிகாட்டா_பனி:

சாணைதான் எல்லாம்னா கொல்லர் எதுக்குப்பா? மட்டமா அடிச்ச எஃகை எந்தச் சாணையும் காப்பாத்தாது. சரி, அது தனிச் சண்டை.

அக்கா "நானும் ஒரு அடி அடிக்கணும்"னு கேட்டாங்களே, அதுக்குச் சன்ஜோ வாங்க. நிகாட்டா மாநிலம், டோக்கியோவுல இருந்து ஜோயெட்சு ஷின்கான்சென் புல்லட் ரயில்ல சுபாமே-சன்ஜோ, ரெண்டு மணி நேரத்துக்குள்ள வந்துடலாம். கிட்டா-சன்ஜோ ஸ்டேஷன் பக்கத்துல சன்ஜோ கஜி தோஜோன்னு ஒரு பயிற்சிக்கூடம். கம்பியை உலையில பழுக்க வச்சு, நீங்களே அடிச்சு, சதுர ஆணி ஒண்ணு செய்யலாம். காகிதம் வெட்டுற கத்தியும் செய்ய விடுவாங்க, கத்தி தீட்டவும் சொல்லித் தருவாங்க.

ஆணியான்னு முகம் சுளிக்காதீங்க. இந்த ஊர் ஆரம்பிச்சதே ஆணியிலதான். 17ஆம் நூற்றாண்டுத் தொடக்கத்துல இக்கராஷி ஆறு அடிக்கடி வெள்ளம் வந்து வயலை அழிச்சுட்டே இருந்துச்சு. அப்போ அதிகாரியா இருந்த ஒத்தானி செய்பெய், எடோவுல (இன்னைய டோக்கியோ) இருந்து ஆணி அடிக்கிறவங்களை வரவழைச்சு விவசாயிகளுக்குப் பக்கத் தொழிலாக் கத்துக்கொடுக்க வச்சார். அது அரிவாளாச்சு, கத்தியாச்சு.

அக்டோபர்னா இன்னொண்ணும் இருக்கு. சுபாமே-சன்ஜோ தொழிற்சாலைத் திருவிழா வழக்கமா அந்த மாசம்தான், 2013ல இருந்து இந்தப் பேர்ல நடக்குது. நிறைய பட்டறைகள் கதவைத் திறந்து வச்சுடும். எச்சிஸென் பக்கமும் அக்டோபர்லதான் ரினியூன்னு ஒரு விழா. ரெண்டுக்கும் தேதியைப் பார்த்துட்டு முடிவு பண்ணுங்க.

செக்கியை விட்டுடலாம். வாள் ஊர், கொல்லர் அருங்காட்சியகமும் நல்லதுதான், ஆனா வாள் அடிச்சுக் காட்டுறது குறிப்பிட்ட சில நாள்ல மட்டும். சமையல் கத்தி அங்க பெரும்பாலும் தொழிற்சாலை உற்பத்தி.

திண்டுக்கல்_மெஸ்:

ரெண்டு பேருக்கும் நன்றி. ஆணி ஆசையா இருக்கு, ஆனா கியோட்டோவுல இருந்து தக்கேஃபுதான் வசதின்னு வீட்டுக்காரர் வரைபடத்தைப் பார்த்துச் சொல்றார். அங்க போனா வாங்காம வர மாட்டேன். இடது கைக்கு எது வாங்கலாம்? விமானத்துல கொண்டுவர விடுவாங்களா?

ஒசாகாவாசி:

கியோட்டோவுல இருந்து தண்டர்பேர்ட் ரயில்ல சுருகா, அங்க ஷின்கான்சென் மாறினா அடுத்த ஸ்டேஷனே எச்சிஸென்-தக்கேஃபு. 2024 மார்ச்ல திறந்தது. ஸ்டேஷனைச் சுத்தி பெருசா ஒண்ணும் கிடையாது, பஸ் குறைவு, டாக்ஸி பிடிச்சுடுங்க. செய்முறை வகுப்பு வேணும்னா முன்பதிவு கட்டாயம்.

இடது கைக்கு: ஒருபக்கப் பட்டைக் கத்தியைத் தொடாதீங்க. அது வலது கைக்குச் செஞ்சது, உங்க கையில வெட்டு ஒரு பக்கமா இழுத்துட்டுப் போகும். இடது கைக்குத் தனியாச் செஞ்சு தருவாங்க, விலை கூட, காத்திருக்கவும் வேணும். இருபக்கப் பட்டை வாங்குங்க. தக்கேஃபுல பெரும்பாலும் அதுதான். மெஸ் வெங்காயம், கோஸ், கேரட்டுக்கு நகிரின்னு செவ்வக வடிவக் கத்தி, இல்ல எல்லாத்துக்கும் ஆகுற சாந்தோகு. ஆனாலும் சில கொல்லர்கள் இருபக்கத்தையும் வலது கைக்குச் சாதகமாத் தீட்டியிருப்பாங்க, அதனால இடது கையைத் தூக்கிக் காட்டிட்டு வாங்குங்க. மொழி அதுக்கு வேண்டாம்.

எஃகு என்னன்னு கேளுங்க. ஷிரோகாமி, ஆவோகாமி ரெண்டும் கார்பன் எஃகு, அருமையாத் தீட்ட வரும், ஆனா துருப்பிடிக்கும். மெஸ்ல எலுமிச்சை, மாங்கா, தக்காளின்னு புளிப்புப் பட்டுட்டே இருக்கும், ஒவ்வொரு தடவையும் துடைக்க உங்க பசங்களுக்குப் பொறுமை இருக்குமா? இல்லைன்னா விஜி-10ன்னு ஒரு ஸ்டெயின்லெஸ் எஃகு. துரு பயம் குறைவு, அந்த எஃகைச் செய்ற கம்பெனியும் அதே எச்சிஸென் ஊர்லதான் இருக்கு. எதை வாங்கினாலும் தேங்கா உடைக்காதீங்க, எலும்புல போடாதீங்க. இந்த எஃகு ரொம்பக் கெட்டி, விளிம்பு ரொம்ப மெல்லிசு, பிசிறு பிசிறா உதிரும். அதுக்கு நம்ம ஊர் அரிவாளே போதும்.

கொண்டுவர்றது: கைப்பையில கூடவே கூடாது, செக்-இன் பெட்டிக்குள்ளதான். கடைக்காரர் கட்டிக் கொடுத்ததை ஊர் வந்து சேர்ற வரைக்கும் பிரிக்காதீங்க. அங்க 6 சென்டிமீட்டருக்கு மேல நீளமான கத்தியைக் காரணமில்லாம கையில வச்சிருந்தா சட்டப்படி குத்தம். 2019 ஏப்ரல்ல இருந்து ரயில்லயும் கட்டாத கத்தி கொண்டுபோகத் தடை. கடைசில ஒண்ணு, பாஸ்போர்ட்டைக் கடைக்கு எடுத்துட்டுப் போங்க, 10 சதவீத விற்பனை வரி சுற்றுலாப் பயணிக்கு விலக்கு, அதுக்கு அது வேணும். 2026 நவம்பர் 1ல இருந்து முறை மாறுது, முதல்ல வரியோட முழு விலையையும் கொடுத்துட்டு, கிளம்பும்போது திரும்ப வாங்கணும்.

நிகாட்டா_பனி:

கூடவே ஒரு தீட்டுற கல்லும் வாங்கிக்கங்க அக்கா, 1000 நம்பர் (கல்லோட பொடித்தன்மை). சக்கரத்துல சாணை பிடிக்கிறவர்கிட்ட மட்டும் இந்தக் கத்தியைக் கொடுத்துடாதீங்க, காஞ்ச கல்லுல வேகமாச் சுத்தினா சூடேறித் தோய்ச்சலே போயிடும். பாருங்க, சாணையைப் பத்திக் கடைசில நானே பேச வேண்டியதாப் போச்சு.

திண்டுக்கல்_மெஸ்:

தக்கேஃபு வகுப்புக்கு எழுதிக் கேட்டிருக்கேன், பதில் வரணும். ஒசாகாவாசி தம்பி, சாணைக்காரர் பக்கத்துல நிக்கறப்ப போன்ல படம் எடுத்தா கோவிச்சுக்குவாங்களா?

ஒசாகாவாசி:

மேல நடைபாதையில இருந்து எடுக்கிறதை யாரும் தடுத்து நான் பார்த்ததில்லை. கிட்டப் போய் ஆள் முகம் தெரிய எடுக்கிறதா இருந்தா போனைக் காட்டித் தலையாட்டிக் கேளுங்க. ஃபிளாஷ் வேண்டாம், அவங்க பாக்கிறதே வெளிச்சத்தை வச்சுத்தான்.