பட்ரீஷியா ரவுட்லெட்ஜ்: ஹையசிந்த்தைத் தாண்டி எதைப் பார்ப்பது, எதைக் கவனிப்பது?

திரைச்சீலை (இழையைத் தொடங்கியவர்)

2025 அக்டோபர் 3 அன்று, 96 வயதில் பிரிட்டிஷ் நடிகை பட்ரீஷியா ரவுட்லெட்ஜ் மறைந்தார். அதன்பின் வந்த அஞ்சலிகளில் பெரும்பாலானவை ‘கீப்பிங் அப் அப்பியரன்சஸ்’ என்ற நகைச்சுவைத் தொடரில் அவர் நடித்த, அந்தஸ்துக்காகத் துடிக்கும் இல்லத்தரசி ஹையசிந்த் பக்கெட்டோடு நின்றுவிட்டன. அந்தத் தொடர் 1990 முதல் 1995 வரை பிபிசியில் 44 பகுதிகளாக வந்தது. அவருடைய மேடை வாழ்க்கை தொடங்கியதோ 1952-இல். லிவர்பூல் பிளேஹவுஸில் ஷேக்ஸ்பியரின் நடுவேனிற்கனவு நாடகத்தில் ஹிப்பாலிட்டாவாக வந்தார். ஹையசிந்த் வீட்டுக் கதவைத் திறக்கும்போது அவருக்கு வயது 61. அதற்கு முந்தைய 38 வருடங்களைப் பற்றிப் பேசத்தான் இந்த இழை.

அடிப்படை விவரம் சுருக்கமாக: 1929 பிப்ரவரி 17 அன்று, லிவர்பூலுக்கு எதிரே மெர்சி ஆற்றின் அக்கரையில் உள்ள பர்க்கன்ஹெட்டில் பிறந்தார். அப்பா துணிக்கடைக்காரர். லிவர்பூல் பல்கலைக்கழகத்தில் ஆங்கில இலக்கியம், பிறகு பிரிஸ்டல் ஓல்டு விக் நாடகப் பள்ளி. நடிப்போடு பாட்டிலும் முறையான பயிற்சி உண்டு.

எதைப் பார்த்தீர்கள், அதில் எதைக் கவனிக்க வேண்டும் என்று எழுதுங்கள். “அருமை”, “அற்புதம்” போதாது, எந்த இடம் என்று சொல்லுங்கள்.

தம்பூரா

பாட்டிலிருந்தே ஆரம்பிக்கிறேன். ஹையசிந்த் பாடும் இடங்களை எல்லோரும் சிரித்துக்கொண்டே கடந்துவிடுகிறார்கள். பக்கத்து வீட்டு எம்மெட் (டேவிட் கிரிஃபின்) ஓர் இசை நாடகக் குழுவை நடத்துபவர். அவர் கண்ணில் பட்டால் போதும், ஹையசிந்த் உச்சஸ்தாயியில் எடுத்துவிடுவார். எம்மெட் தெறித்து ஓடுவார்.

அந்தப் பாட்டை ஒரு தடவை கண்ணை மூடிக்கொண்டு கேளுங்கள். சுருதி தெரியாதவர் பாடினால் வரும் அபஸ்வரம் வேறு, இது வேறு. ஸ்வரத்தை நேரே பிடிக்காமல் கீழிருந்து வழுக்கிக்கொண்டு போய்த் தொடுகிறார். தொட்ட ஸ்வரத்தில் அசைவை அளவுக்கு மீறி அகலப்படுத்துகிறார். உயிரெழுத்துகளை வாய் கொள்ளாமல் உருட்டுகிறார். மெல்லிய இடம் வரவேண்டிய நேரத்தில் முழு மூச்சையும் இறக்குகிறார். பயிற்சி பெற்ற குரலின் நான்கு உத்திகளையும் ஒவ்வொரு சுற்று அதிகமாகத் திருகி வைத்தால் கிடைப்பதுதான் இந்தக் கோரம். நன்றாகப் பாடத் தெரியாத நடிகையால் இதை வாரம் தவறாமல் ஒரே அளவில் கொடுக்க முடியாது. தொண்டை போய்விடும்.

அந்தக் குரல் சரியாகப் பாடினால் எப்படி இருக்கும் என்பதற்குச் சான்று உண்டு. 1968-இல் ‘டார்லிங் ஆஃப் த டே’ என்ற பிராட்வே (நியூயார்க்கின் பெரிய அரங்குகள்) இசை நாடகம் 31 காட்சிகளோடு முடங்கியது. ஜூல் ஸ்டைன் இசை, ஈ. ஒய். ஹார்பர்க் பாடல்கள், ஜோடி வின்சென்ட் பிரைஸ். நாடகம் தோற்றும், லண்டனின் பட்னியில் வாழும் விதவை ஆலிஸ் சாலிஸாக நடித்த இவருக்கு இசை நாடகத்தின் சிறந்த நடிகைக்கான டோனி விருது (பிராட்வேயின் உயரிய விருது) கிடைத்தது. (லெஸ்லி அக்கம்ஸுடன் பகிர்ந்துகொண்டார்.) ஒலித்தட்டு வெளிவந்திருக்கிறது. தேடிக் கேளுங்கள்.

லண்டன் நாடக உலகின் ஒலிவியே விருதும் பாட்டு நாடகத்துக்கே. ஓல்டு விக்கில் நடந்த ‘கான்டீட்’, கிழவி வேடம், 1988.

திரைச்சீலை

தம்பூரா, அவர் நடித்த ‘1600 பென்சில்வேனியா அவென்யூ’ இசை நாடகம் பற்றியும் சொல்லுங்களேன். அதன் ஒலித்தட்டு எங்கும் கிடைக்கவில்லை.

தம்பூரா

கிடைக்காது, நடிகர் குழுவின் ஒலித்தட்டு வெளிவரவே இல்லை. 1976 மே மாதம் லியனார்டு பெர்ன்ஸ்டைனும் ஆலன் ஜே லெர்னரும் சேர்ந்து செய்த நாடகம், ஏழு காட்சிகளில் மூடப்பட்டது. வெள்ளை மாளிகையில் வாழ்ந்த குடியரசுத் தலைவர்களின் மனைவியர் எல்லோரும் இவர் ஒருவரே. அதில் ஒரு பாட்டில் பதவி விட்டுப் போகும் கிராண்டின் மனைவி ஜூலியாவும், பதவிக்கு வரும் ஹேஸின் மனைவி லூசியும் ஒரே மேடையில் மோதிக்கொள்கிறார்கள். இரண்டு பேரையும் இவரே பாடினார், வரிக்கு வரி குரலை மாற்றி. நடுக்காட்சியில் அரங்கமே எழுந்து நின்று கைதட்டியது. பின்னாளில் பெர்ன்ஸ்டைனின் இசையை மட்டும் எடுத்துக் கச்சேரி வடிவமாக்கிப் பதிவு செய்தார்கள். அதில் இவர் இல்லை. வாங்கி ஏமாறாதீர்கள்.

நாடகக்கொட்டகை

பாட்டில் தம்பூரா சொன்னதையே நான் மேடைப் பொருட்களில் சொல்கிறேன். 1982-இல் மைக்கேல் ஃப்ரைனின் ‘நாய்ஸஸ் ஆஃப்’ முதன்முதலில் லண்டன் ஹேமர்ஸ்மித் லிரிக்கில் அரங்கேறி, பிறகு சவாய் அரங்குக்குப் போனது. இயக்கம் மைக்கேல் பிளேக்மோர். டாட்டி ஆட்லி வேடத்தை முதலில் ஏற்றவர் ரவுட்லெட்ஜ். நாடகத்துக்குள் ஒரு நாடகம். உள்நாடகத்தில் டாட்டி, மிஸஸ் கிளாக்கெட் என்ற வீட்டு வேலைக்காரி.

நாடகம் போடுகிறவர்கள் இந்த வேடத்தைப் படிக்கும்போது ஒரு தாளில் மூன்று பொருட்களை எழுதிக்கொள்ள வேண்டும்: மத்தி மீன் தட்டு, தொலைபேசி, செய்தித்தாள். ஒவ்வொரு முறை டாட்டி மேடையைவிட்டுப் போகும்போதும் எது கையில், எது மேசையில், ரிசீவர் எடுத்தபடியா வைத்தபடியா என்று கட்டம் போட்டுக் குறிக்க வேண்டும். முதல் அங்கத்தில் டாட்டிக்கு இது நினைவில் நிற்பதே இல்லை. நடிகைக்கோ ஒரு நொடிகூடத் தவறக் கூடாது. தட்டு ஒரு முழம் தள்ளி இருந்தால், அடுத்த கதவில் வருகிறவர் அதை எடுக்க முடியாது. அவர் தாமதித்தால் மூன்றாவது கதவு தாமதம். சங்கிலி அறுந்துவிடும்.

இரண்டாம் அங்கத்தில் அரங்கமைப்பையே திருப்பி வைத்து மேடையின் பின்புறத்தைக் காட்டுவார்கள், அங்கே ஏறக்குறைய ஊமை நாடகம். மூன்றாம் அங்கத்தில் எல்லாம் குலைகிறது. அந்தக் குலைவுக்குத்தான் ஒத்திகை அதிகம் பிடிக்கும். நடிகை “இங்கே தவறப் போகிறேன்” என்று உடலில் ஒரு கணம் முன்பே காட்டிவிட்டால் சிரிப்பு செத்துவிடும். டாட்டி கடைசி வரை எல்லாம் சரியாகப் போகிறது என்று நம்ப வேண்டும்.

என் கணிப்பில் ரவுட்லெட்ஜின் வேடங்களுக்கு எல்லாம் சாவி இதுதான்: தான் தவறுவது தெரியாத பெண்கள். 1976-இல் மான்செஸ்டர் ராயல் எக்ஸ்சேஞ்சில் அவர் ஏற்ற, சொற்களைத் தப்பும் தவறுமாகப் போட்டுப் பேசும் மிஸஸ் மாலப்ராப், டாட்டி, ஹையசிந்த், எல்லோரும் ஒரே வம்சம். ஒருவரைக்கூட அவர் மேலிருந்து பார்த்து நடித்ததில்லை.

ஈரோட்டு வானொலி

ஹையசிந்த்தின் தொலைபேசிக் காட்சிகளை யாரும் சொல்லவில்லையே. மகன் ஷெரிடன் 44 பகுதிகளிலும் திரையில் வருவதே இல்லை, குரலும் கேட்காது. அவன் பேசுவது முழுக்க அம்மாவின் முகத்தில்தான் நமக்குக் கேட்கிறது.

ஒருபக்கத் தொலைபேசி நடிப்பில் பலர் சறுக்கும் இடம் இடைவெளி. எதிராளி ஒரு முழு வாக்கியம் பேசியிருக்க வேண்டிய நேரத்தில் அரை நொடி மட்டும் விட்டுப் பதில் சொல்லிவிடுவார்கள். ரவுட்லெட்ஜ் விடும் இடைவெளிகளை எண்ணிப் பாருங்கள். பணம் கேட்கும் வாக்கியத்துக்கு ஒரு நீளம், அவசரமாக “சரி அம்மா” என்பதற்கு ஒரு நீளம். கண் முதலில் மாறும், வாய்க் கோடு பிறகு, கடைசியில்தான் குரல். குரல் மாறும்போது செய்தி ஏற்கெனவே நமக்குத் தெரிந்திருக்கும். அருகில் நிற்கும் கணவர் ரிச்சர்டின் (கிளைவ் ஸ்விஃப்ட்) முகத்தையும் சேர்த்துப் பாருங்கள், பணம் போகப்போகிறது என்று அவருக்கும் அதே நேரத்தில் தெரிந்துவிடும்.

இன்னொன்று, இது ஸ்டுடியோவில் பார்வையாளர் முன் பதிவான தொடர். கவென்ட்ரி பக்கம் எடுத்த தெருக்காட்சிகள் தனி. ஹையசிந்த் வீட்டின் வெளிப்புறம் பின்லி வுட்ஸ், தங்கை கணவர் ஆன்ஸ்லோவின் வீடு ஸ்டோக் ஆல்டர்மூர். உட்காட்சிகளில் சிரிப்பு எழுந்து, உச்சம் தொட்டு, இறங்கத் தொடங்கும் கணத்தில் அடுத்த வசனத்தை எடுக்க வேண்டும். சீக்கிரம் எடுத்தால் வசனம் மூழ்கும், தாமதித்தால் காட்சி தொய்யும். ரவுட்லெட்ஜ் அந்த நேரத்தைச் சும்மா நின்று கழிக்க மாட்டார். கையுறையைச் சரிசெய்வார், முத்துமாலையைத் தொடுவார். அதுவும் ஹையசிந்த் செய்யக்கூடிய காரியமாகவே இருக்கும்.

மெழுகுவர்த்தி

நகைச்சுவை போதும், நாடகாசிரியர் ஆலன் பென்னட்டுக்கு வருவோம். என்னைக் கேட்டால் அவருடைய நடிப்பின் உச்சம் அங்கேதான். மூன்று தனிமொழிகள்: ‘எ வுமன் ஆஃப் நோ இம்பார்ட்டன்ஸ்’ (1982), ‘எ லேடி ஆஃப் லெட்டர்ஸ்’ (1988), ‘மிஸ் ஃபோஸ்ஸார்டு ஃபைண்ட்ஸ் ஹர் ஃபீட்’ (1998). பின்னிரண்டும் ‘டாக்கிங் ஹெட்ஸ்’ என்ற தொலைக்காட்சித் தனிமொழி வரிசையில் வந்தவை, முதலாவது அந்த வரிசைக்கு முன்பே தனியாக வந்தது. தேடும்போது இரண்டு குழப்பம் வரும். முதல் தலைப்பில் ஆஸ்கார் வைல்டின் நாடகமும் உண்டு. மற்ற இரண்டையும் 2020-இல் வேறு நடிகைகளை வைத்துப் புதிதாக எடுத்தார்கள். எனவே ஆண்டைப் பார்த்து எடுங்கள்.

1982-இல் வந்ததில் மிஸ் ஸ்கோஃபீல்டு ஓர் அலுவலக ஊழியர். சாப்பாட்டு அறையில் யார் யாருக்கு அருகில் உட்கார்ந்தார்கள் என்பதைப் பெரிய விஷயமாகச் சொல்லிக்கொண்டே போகிறார். பிறகு மருத்துவமனை. அங்கேயும் தான் எல்லோருக்கும் வேண்டியவர் என்ற அதே பெருமை. படுக்கையில் கிடக்கும் உடல் வேறு கதை சொல்கிறது. காட்சியை வெட்டி மாற்றிக் காட்ட வேறு ஆள் இல்லை. ஒரு முகம், ஒரு கேமரா. ரவுட்லெட்ஜ் பேச்சின் வேகத்தைக் குறைப்பதில்லை. மூச்சின் அளவைத்தான் கொஞ்சம் கொஞ்சமாகக் குறைக்கிறார். ஒரே மூச்சில் முடிந்த வாக்கியம் கடைசியில் இரண்டு மூச்சில் முடிகிறது. நோயைக் காட்ட அவர் எடுத்துக்கொண்டது அவ்வளவுதான்.

‘எ லேடி ஆஃப் லெட்டர்ஸ்’ ஐரீன் ரடக் எல்லாவற்றுக்கும் புகார்க் கடிதம் எழுதுகிறவர். எதிர்வீட்டில் பெற்றோர் குழந்தையைக் கொடுமைப்படுத்துகிறார்கள் என்று முடிவுகட்டி எழுதுகிறார், அந்தக் குழந்தையோ ரத்தப் புற்றுநோயில் இறந்துவிடுகிறது. அந்தச் செய்தி வந்து விழும் இடத்தை நிறுத்தி நிறுத்திப் பாருங்கள். அழுகை கிடையாது. ஒரு சிறிய தடுமாற்றம், உடனே தன்னைச் சரிப்படுத்திக்கொள்ளும் வேகம். அந்த வேகம்தான் வயிற்றைக் கலக்குகிறது. முடிவில் சிறைக்குப் போகிறார். அங்கே தட்டச்சும் சுருக்கெழுத்தும் கற்றுக்கொண்டு, வாழ்க்கையில் முதல் தடவையாகச் சந்தோஷமாக இருக்கிறார். அந்தச் சந்தோஷத்தை ரவுட்லெட்ஜ் ஒரு துளி சந்தேகமும் கலக்காமல் கொடுக்கிறார். பார்க்கிறவருக்கு அதைத் தாங்குவது கஷ்டம்.

நாடகக்கொட்டகை சொன்ன வம்சத்தில் இவர்களையும் சேர்க்க வேண்டும். அதே குருட்டு நம்பிக்கைதான், சிரிக்கப் பார்வையாளர் இல்லை, அவ்வளவே வித்தியாசம்.

1985-86-இல் நகைச்சுவைக் கலைஞர் விக்டோரியா வுட்டின் தொலைக்காட்சி நிகழ்ச்சியில் வந்த கிட்டி என்ற பாத்திரம் இந்த இரண்டு கரைக்கும் பாலம். சில நிமிடத் துண்டுகள், நேரே கேமராவைப் பார்த்துப் பேச்சு. பென்னட் பெரிதாகத் தோன்றினால் கிட்டியிலிருந்து தொடங்குங்கள்.

வைகைக்கரை

ஒரு சந்தேகம். ‘பைரேட்ஸ் ஆஃப் பென்சான்ஸ்’ என்ற இசை நாடகப் படத்தில் இவர் ரூத்தாக வருகிறார் என்று படித்தேன். படத்தில் ஏஞ்சலா லான்ஸ்பரி அல்லவா இருக்கிறார்?

நாடகக்கொட்டகை

வைகைக்கரை, 1983 படத்தில் லான்ஸ்பரிதான். அதே தயாரிப்பு பிராட்வேக்குப் போனபோது ரூத் எஸ்டெல் பார்சன்ஸ். ரவுட்லெட்ஜ் நடித்தது அதற்கும் முன்னால், 1980 கோடையில் நியூயார்க் சென்ட்ரல் பார்க்கின் திறந்தவெளி அரங்கில், கெவின் கிளைன், லிண்டா ரான்ஸ்டாட்டோடு. அதன் ஒளிப்பதிவு பின்னாளில் டிவிடியாக வந்தது. அட்டையில் சென்ட்ரல் பார்க் என்று இருக்கிறதா என்று பாருங்கள். படம் மங்கல், ஒலியும் ஏற்ற இறக்கம்தான். ஆனாலும் மேடையில் பாடும் ரவுட்லெட்ஜை முழு நீளத்துக்குக் காண இதைவிட வழி இல்லை.

தவறே செய்யாத பெண்களாகவும் அவர் நின்றிருக்கிறார் என்பதையும் எழுத வேண்டும். 1984-இல் ராயல் ஷேக்ஸ்பியர் கம்பெனியில் ஆன்டனி ஷெர் ஊன்றுகோல்களோடு மூன்றாம் ரிச்சர்டாக வந்தபோது, சாபமிடும் ராணி மார்கரெட் இவர். 1992-இல் நேஷனல் தியேட்டரின் ‘கரோசல்’ நாடகத்தில் நெட்டி. கணவனை இழந்த ஜூலிக்கு ஆறுதலாக நெட்டி பாடுவதுதான் ‘யூ’ல் நெவர் வாக் அலோன்’. லிவர்பூல் கால்பந்து ரசிகர்கள் அரங்கம் அதிரப் பாடும் அதே பாட்டு. மெர்சிக்கரைப் பெண் ஒருவர் அதைக் கூட்டப்பாட்டாக்காமல் ஒருத்தியின் காதில் சொல்வது போல் பாட வேண்டியிருந்தது.

தம்பூரா

வயதான பிறகும் அவர் இசையை விடவில்லை. இரண்டாம் உலகப்போரின்போது லண்டன் நேஷனல் கேலரியில் மதிய இசைக் கச்சேரிகள் நடத்திய பியானோ கலைஞர் மைரா ஹெஸ் பற்றி ‘அட்மிஷன்: ஒன் ஷில்லிங்’ என்ற நிகழ்ச்சி. ரவுட்லெட்ஜ் ஹெஸ்ஸின் சொற்களைப் பேச, பியர்ஸ் லேன் பியானோ வாசித்தார். தலைப்பில் இருப்பது அந்தக் கச்சேரிகளின் நுழைவுக்கட்டணம்.

ஈரோட்டு வானொலி

‘ஹெட்டி வெயின்த்ராப் இன்வெஸ்டிகேட்ஸ்’ (1996-98) விட்டுப்போய்விட்டது. லங்காஷயரில் அறுபது வயதில் துப்பறியக் கிளம்பும் இல்லத்தரசி. கூட வரும் பையன் டாமினிக் மோனகன், பிறகு ‘லார்டு ஆஃப் த ரிங்ஸ்’ மெர்ரி ஆனவர். இங்கே சிரிப்பொலி இல்லை, அதனால் எல்லாவற்றையும் பாதியாகக் குறைத்திருக்கிறார். ஹையசிந்த் முடிந்த கையோடு இதைப் பார்த்தால் அந்தக் கணக்கு தெளிவாகத் தெரியும். 2016-இல் வந்த ‘யங் ஹையசிந்த்’ முன்கதையில் இவர் கிடையாது, இவருக்காக அதைத் தேட வேண்டாம்.

வைகைக்கரை

நன்றி. கடைசியாக ஒன்று: ஹையசிந்த்தின் தங்கை ரோஸ் இடையில் ஆள் மாறுகிறாரா, என் கண் ஏமாற்றுகிறதா?

தம்பூரா

மாறுகிறார். முதல் தொடரில் ஷெர்லி ஸ்டெல்ஃபாக்ஸ், இரண்டாவதிலிருந்து மேரி மில்லர். மேரி மில்லரும் நல்ல பாடகி, லண்டனின் முதல் ‘ஃபாண்டம் ஆஃப் தி ஆபரா’வில் மேடம் கிரி அவர்தான். அக்காவும் தங்கையும் ஒரே காட்சியில் இருக்கும்போது பாடத் தெரிந்த இரண்டு பேர் பாடாமல் கத்திக்கொண்டிருக்கிறார்கள் என்று நினைத்துக்கொண்டு பாருங்கள். வசனத்தின் தாளமே வேறாகக் கேட்கும்.